போலிச் சரக்கு: யார் கதவைத் தட்டுவது, எதைக் கையில் கொண்டுபோவது?

வாசகர் சட்டக் கேள்வி–பதில்

பிராண்டின் பெயரைத் திருடிப் போலிச் சரக்கு விற்பது குறித்துத் திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி மாவட்டங்களிலிருந்து வந்த கேள்விகளை இந்த இதழில் ஒன்றாக எடுத்துக்கொள்கிறோம். முத்திரையின் உரிமையாளர், சரக்கை விற்ற கடைக்காரர், காசு கொடுத்து ஏமாந்தவர் என்று மூன்று தரப்பு இதில் உண்டு. மூவருக்கும் சட்டத்தில் வழி இருக்கிறது, ஆனால் ஒரே வழி அல்ல.

கேள்வி: முக்கூடல் பக்கம் சின்ன அளவில் பீடி கம்பெனி நடத்துகிறோம். பெயர், லேபிள் இரண்டும் வர்த்தக முத்திரையாகப் பதிவானவை. சில மாதமாகச் சங்கரன்கோவில், சுரண்டை கடைகளில் எங்கள் லேபிளை அப்படியே அச்சடித்து ஒட்டிய மட்டமான பீடிக்கட்டு ஓடுகிறது. ஒரு கடையில் போய்ச் சத்தம் போட்டோம். மறுநாளே சரக்கு மாயமாகிவிட்டது. போலீஸ் நிலையத்தில், ‘இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்க’ என்கிறார்கள். — மு.க., முக்கூடல்

பதில்: சிவில் வழக்கும் போடலாம், ஆனால் இது குற்றமும்தான். வர்த்தக முத்திரைச் சட்டம் 1999, பிரிவு 103 போலி முத்திரை இடுபவரைத் தண்டிக்கிறது. பிரிவு 104 அந்தச் சரக்கை விற்பவரையும் விற்க வைத்திருப்பவரையும் தண்டிக்கிறது. இரண்டுக்கும் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. மறுபடியும் சிக்கினால் பிரிவு 105இன்படி குறைந்தபட்சம் ஓராண்டு சிறை, ஒரு லட்சம் அபராதம். இவற்றில் போலீஸ் நேரடியாக வழக்குப் பதியலாம் என்று பிரிவு 115(3) சொல்கிறது. புகார் மனுவில் இந்தப் பிரிவு எண்ணை எழுதிக்கொண்டு போங்கள்.

இனிமேல் எந்தக் கடையிலும் போய்ச் சண்டை போடாதீர்கள். நீங்கள் போட்ட சத்தம் மொத்த வியாபாரி வரைக்கும் எச்சரிக்கையாகப் போய்ச் சேர்ந்துவிட்டது. முதலில் சாட்சியம் சேர்க்க வேண்டும். கடைக்காரருக்கு முகம் தெரியாத ஒருவரை அனுப்பி, வெவ்வேறு ஊர்களில் மூன்று கடைகளிலாவது, கடைக்கு இரண்டு பண்டல் வாங்குங்கள். ஒன்றைப் பிரித்து உங்கள் சரக்கோடு ஒப்பிடுங்கள். மற்றதைப் பிரிக்காமல் உறையிலிட்டு ஒட்டி, தேதி, நேரம், கடை விவரம் எழுதி, வாங்கியவரும் இரண்டு சாட்சிகளும் ஒட்டின் மேலேயே கையெழுத்துப் போடட்டும். பெட்டிக்கடையில் பில் கிடைக்காது. ஜிபே, போன்பே மூலம் பணம் கொடுத்தால் கடைக்காரர் பெயரும் நேரமும் பதிவாகிவிடும். ஆனால் வெறும் ஸ்கிரீன்ஷாட்டை நீதிமன்றம் ஏற்காது. மின்னணுப் பதிவைத் தாக்கல் செய்யும்போது பாரதிய சாக்ஷ்ய அதிநியம் 2023 (புதிய சாட்சியச் சட்டம்), பிரிவு 63(4) கேட்கும் சான்றிதழைச் சேர்த்தே கொடுக்க வேண்டும். அதில் பதிவைக் கொடுப்பவர் ஒரு பகுதியும் வல்லுநர் ஒரு பகுதியும் நிரப்ப வேண்டும். பணம் கொடுத்த அதே போனை அழிக்காமல், மாற்றாமல் வைத்திருங்கள்.

ஒப்பீட்டுக் குறிப்பு ஒன்று தயார் செய்யுங்கள். லேபிள் தாளின் கனம், நிறம் பிசகியிருக்கிறதா, கட்டு நூலின் நிறம், தலை மடிப்பு, கட்டில் உள்ள பீடி எண்ணிக்கை, அச்சிட்ட விலை, புகையிலை எச்சரிக்கைப் படம் ஆகியவற்றை வரிசையாக எழுதி, எது எங்கே வேறுபடுகிறது என்று காட்டுங்கள். உங்கள் கம்பெனிக்கு மட்டும் தெரிந்த ரகசியக் குறி லேபிளில் இருந்தால் அதை ஊரறிய எழுத வேண்டாம். விசாரணை அதிகாரியிடம் நேரில் காட்டினால் போதும்.

அடுத்தது பிரிவு 115(4). பெரும்பாலும் இங்கேதான் பிசகுகிறது. வாரண்ட் இல்லாமல் சோதனையிட்டுச் சரக்கைக் கைப்பற்ற, டி.எஸ்.பி. அல்லது அதற்கு இணையான பதவிக்குக் குறையாத அதிகாரி வேண்டும். திருநெல்வேலி மாநகர எல்லைக்குள் என்றால் காவல் உதவி ஆணையர். அவரும் சோதனைக்கு முன் வர்த்தக முத்திரைப் பதிவாளரின் கருத்தைக் கேட்டுப் பெற்று, அதன்படியே நடக்க வேண்டும். நமக்குப் பதிவாளர் அலுவலகம் சென்னை கிண்டியில் இருக்கிறது. நிலைய அதிகாரி ஆர்வத்தில் தானே போய்ப் பெட்டிகளை அள்ளிக்கொண்டு வந்தால், எதிரியின் வக்கீல் முதலில் கேட்பது ‘பதிவாளர் கருத்து எங்கே?’ என்பதுதான். உண்மையான போலிச் சரக்கைப் பிடித்தும் வழக்கு நொண்டியடிப்பதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

கருத்துப் பெறும் நாட்களில் செய்தி கசிந்துவிடும் என்ற பயம் நியாயமானது. அதற்கும் ஒரு வழி இருக்கிறது. உங்கள் லேபிளில் உள்ள ஓவியமும் வடிவமைப்பும் காப்புரிமை (காப்பிரைட்) சட்டம் 1957இன்படி கலைப்படைப்பு. அதை அப்படியே நகலெடுத்தால் பிரிவு 63 பாயும். பிரிவு 64இன்படி சப்-இன்ஸ்பெக்டரே வாரண்ட் இல்லாமல் நகல்களையும் அச்சுத் தகடுகளையும் கைப்பற்றலாம், பதிவாளர் கருத்து தேவையில்லை. பிரிவு 63 குற்றத்தில் போலீஸ் நேரடியாக வழக்குப் பதியலாம், அது ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாத வகை என்று உச்ச நீதிமன்றம் 2022இல் தீர்ப்பளித்திருக்கிறது. ஆகவே புகாரில் இரண்டு சட்டத்தையும் சேர்த்து எழுதுங்கள். ஆனால் லேபிளை வரைந்த ஓவியரிடமிருந்து உரிமையை எழுத்தில் வாங்கியிருக்கிறீர்களா என்று முதலில் பாருங்கள். அச்சகத்தில் வரைந்து கொடுத்ததை அப்படியே பயன்படுத்திவரும் கம்பெனிகள் பல. அவர்கள் இந்தக் கேள்வியில் தடுமாறுவார்கள். ஓவியர் இருக்கும்போதே ஓர் உரிமை மாற்றுப் பத்திரம் எழுதி வாங்கிவிடுங்கள்.

குறி வைக்க வேண்டியது பெட்டிக்கடையை அல்ல. அங்கே ஆயிரம் ரூபாய்ச் சரக்குதான் அகப்படும். லேபிள் எங்கே அச்சாகிறது, எந்தக் குடோனில் ஒட்டப்படுகிறது, எந்த வண்டியில் வருகிறது என்று கண்டுபிடித்து எழுதினால் டி.எஸ்.பி.க்கும் வேலையில் பிடிப்பு இருக்கும். போலி முத்திரைக்கான ப்ளாக், தகடு, இயந்திரம் வைத்திருப்பதே முத்திரைச் சட்டம் பிரிவு 103இன் கீழ்க் குற்றம்.

சங்கரன்கோவிலும் சுரண்டையும் தென்காசி மாவட்டம். மாவட்டம் பிரிந்தது 2019 நவம்பர் 22இல். ஆகவே புகார் போக வேண்டிய இடம் அங்குள்ள போலீஸ்தான். முக்கூடல் நிலையத்திலேயே கொடுத்தாலும் அவர்கள் பதிந்து அங்கே மாற்ற வேண்டும். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 173 அப்படித்தான் சொல்கிறது. 3 ஆண்டுக்கு மேல் 7 ஆண்டுக்குக் கீழ் தண்டனையுள்ள குற்றத்தில், 3 ஆண்டு தண்டனையும் இதில் அடக்கம், டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாளுக்குள் பூர்வாங்க விசாரணை நடத்தலாம். அதைக் காரணம் காட்டி மாதக்கணக்கில் இழுக்க முடியாது. பதிய மறுத்தால் பிரிவு 173(4)இன்படி எஸ்.பி.க்கு விரைவுத்தபாலில் அனுப்புங்கள். அதற்கும் அசைவில்லை என்றால் பிரிவு 175(3)இன்படி மாஜிஸ்திரேட்டிடம் மனுப் போடலாம். மனுவோடு பிரமாணப் பத்திரமும், எஸ்.பி.க்கு அனுப்பிய தபால் ரசீதும் இல்லாவிட்டால் மனு திரும்பிவிடும். முத்திரைச் சட்டக் குற்றத்துக்குக் காலக்கெடுவும் உண்டு: குற்றம் நடந்து 3 ஆண்டு, அல்லது உங்களுக்குத் தெரிந்து 2 ஆண்டு, எது முந்துகிறதோ அது.

சிவில் வழக்கில் உங்களுக்கு ஒரு வசதி இருக்கிறது. முத்திரை பதிவானது என்பதால், எதிரி எங்கிருந்தாலும் உங்கள் தொழில் நடக்கும் இடத்து மாவட்ட நீதிமன்றத்திலேயே முத்திரைச் சட்டம் பிரிவு 134இன்படி வழக்குப் போடலாம். அதாவது பாளையங்கோட்டை நீதிமன்ற வளாகத்திலேயே முடித்துக்கொள்ளலாம். எதிரிக்கு நோட்டீஸ் போகும் முன்பே இடைக்காலத் தடை, குடோனைப் பார்வையிட்டுச் சரக்கைப் பட்டியலிட நீதிமன்றம் நியமிக்கும் வக்கீல் ஆணையர், கணக்குப் புத்தகங்களைக் காட்டச் சொல்லும் உத்தரவு என எல்லாவற்றையும் பிரிவு 135 தருகிறது. தயாரிப்பவர் யாரென்றே தெரியாவிட்டால் அடையாளம் தெரியாத எதிரி மீதும் உத்தரவு கேட்கலாம். நீதிமன்ற வட்டாரத்தில் அதை ‘அசோக்குமார் உத்தரவு’ என்பார்கள்.

எதிரியைக் கேட்காமலே தரும் இந்த ஒருதலைத் தடை கிடைத்த கையோடு, வழக்குரை, பிரமாணப் பத்திரம், ஆவணங்களின் நகலை எதிரிக்குப் பதிவுத்தபாலில் அனுப்பி, அனுப்பியதாக அன்றோ மறுநாளோ நீதிமன்றத்தில் பிரமாணம் தாக்கல் செய்ய வேண்டும். இது சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 39, விதி 3. தடை கிடைத்த மகிழ்ச்சியில் இதை விட்டுவிட்டு, அந்த ஒரே காரணத்தால் தடையை இழப்பது நடக்கிறது. இன்னொன்று, இது வணிக வழக்காகப் போனால், அவசர நிவாரணம் கேட்காதவர் வழக்குக்கு முன் கட்டாய மத்தியஸ்தத்துக்குப் போக வேண்டும் என்று வணிக நீதிமன்றச் சட்டம் பிரிவு 12ஏ சொல்கிறது. தெரிந்தும் மாதக்கணக்கில் சும்மா இருந்துவிட்டு ‘அவசரம்’ என்றால் எதிர்த்தரப்பு அதையே பிடித்துக்கொள்ளும். பதிவுச் சான்றிதழை மட்டும் நம்பி நீதிமன்றத்துக்குப் போகவும் வேண்டாம். சட்ட நடவடிக்கைக்கென்று சான்றொப்பமிட்ட நகலைப் பதிவாளரிடம் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். பதிவு 10 ஆண்டுக்குத்தான் செல்லும், புதுப்பித்திருக்கிறீர்களா என்று இன்றே பாருங்கள்.

கேள்வி: வள்ளியூரில் மளிகைக்கடை. பிரபல கம்பெனி சோப்புத்தூள், டீத்தூள் எல்லாம் வழக்கமான மொத்தக்கடை அண்ணாச்சியிடம்தான் எடுப்பேன். போன வாரம் நாலு பேர் காரில் வந்து, ‘கம்பெனி விஜிலென்ஸ்’ என்று அட்டை காட்டி, கடையைக் கிளறி இரண்டு பெட்டியைத் தூக்கிக்கொண்டு, ஒரு லட்சம் தந்தால் கேஸ் இல்லை என்றார்கள். இப்போது வக்கீல் நோட்டீசும் வந்திருக்கிறது. போலி என்று எனக்குத் தெரியவே தெரியாது. — ஒரு வியாபாரி, வள்ளியூர்

பதில்: வந்தவர்களுக்கு உங்கள் கடையைச் சோதனையிட எந்த அதிகாரமும் கிடையாது. கம்பெனி அனுப்பிய துப்பறியும் ஆள், எல்லோரையும் போல ஒரு பாக்கெட் காசு கொடுத்து வாங்கலாம், அவ்வளவுதான். சோதனையிட முடிந்தவர்கள் டி.எஸ்.பி. தரத்து அதிகாரி, காப்புரிமை என்றால் எஸ்.ஐ., அல்லது நீதிமன்ற உத்தரவோடு வரும் வக்கீல் ஆணையர். ஆணையர் வந்தால் உத்தரவு நகலைக் கேட்டு வாங்கி, முத்திரை, வழக்கு எண், முகவரி மூன்றையும் பாருங்கள். சரியாக இருந்தால் தடுக்காதீர்கள், தடுப்பது நீதிமன்ற அவமதிப்பு. போலீஸ் வந்தால் சோதனையை வீடியோ எடுப்பது அவர்கள் கடமை, சுரக்ஷா சன்ஹிதா பிரிவு 105. மகஜரில் (கைப்பற்றியதை எழுதும் பத்திரம்) எத்தனை பாக்கெட், எந்த பேட்ச் எண் என்று எழுதியிருக்கிறதா பார்த்த பிறகு கையெழுத்துப் போடுங்கள்.

‘காசு கொடு, இல்லாவிட்டால் கேஸ்’ என்று மிரட்டியது பாரதிய நியாய சன்ஹிதா (புதிய தண்டனைச் சட்டம்) பிரிவு 308இன்படி மிரட்டிப் பணம் பறிக்கும் குற்றத்துக்குள் வரும். அரசு அதிகாரி என்று சொல்லியிருந்தால் பிரிவு 204உம் சேரும். சிசிடிவி பதிவு சில நாட்களில் தானாக அழிந்துவிடும். இன்றைக்கே தனியாக எடுத்து வைத்து, நிலையத்தில் புகார் கொடுங்கள்.

இதனால் வக்கீல் நோட்டீசைப் புறக்கணிக்கலாம் என்று நினைத்துவிடாதீர்கள். அது தனி விஷயம். முத்திரைச் சட்டம் பிரிவு 104 விற்றவருக்கும் ஒரு தற்காப்பு தருகிறது. நியாயமான எச்சரிக்கையெல்லாம் எடுத்தேன், சந்தேகப்படக் காரணம் இல்லை என்று காட்ட வேண்டும். அதோடு, கேட்டபோது யாரிடம் வாங்கினேன் என்ற முழு விவரத்தையும் கொடுத்திருக்க வேண்டும். இவை உங்கள் பேச்சினால் அல்ல, உங்கள் பில் கோப்பினால் நிரூபணமாகும். ஜி.எஸ்.டி. பில், லாரி ரசீது, வாட்ஸ்அப் ஆர்டர், வங்கி வழி பணம் கொடுத்த பதிவு எல்லாவற்றையும் தேதி வாரியாக அடுக்குங்கள். கம்பெனி விநியோகஸ்தர் தரும் விலைக்கும் மொத்தக்கடை அண்ணாச்சி தந்த விலைக்கும் நம்பமுடியாத வித்தியாசம் இருந்து, வெறும் துண்டுச்சீட்டில் வாங்கியிருந்தால், ‘தெரியாது’ என்பது நிற்காது. அதைச் சொல்லாமல் மறைப்பது உங்களுக்கு நாங்கள் செய்யும் துரோகம்.

மீதிச் சரக்கை உடனே விற்பனையிலிருந்து எடுத்துத் தனிப் பெட்டியில் போட்டு, எண்ணிப் பட்டியல் எழுதுங்கள். பயத்தில் எரித்துவிடவோ, மொத்தக்கடைக்குத் திருப்பி அனுப்பவோ வேண்டாம். திருப்பி அனுப்பினால் அவருக்கு எதிரான உங்கள் சாட்சியமே போய்விடும். நோட்டீசில் சொன்ன நாளுக்குள் வக்கீல் மூலம் பதில் அனுப்புங்கள். விற்பனையை நிறுத்திவிட்டேன், கையிருப்பு இவ்வளவு, வாங்கியது இன்னாரிடம், இன்ன பில் எண்கள் என்று அதில் இருக்கட்டும். தெரியாமல் விற்று, தெரிந்தவுடன் நிறுத்தியவரிடம் பெயரளவுக்கு மேல் நஷ்டஈடு வாங்க முடியாது, பிரிவு 135(3). சமரசப் பத்திரம் நீட்டினால், ‘தெரிந்தே விற்றேன்’ என்ற வரி அதில் எங்காவது ஒளிந்திருக்கிறதா என்று பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

மொத்த வியாபாரிமீது நுகர்வோர் ஆணையத்துக்குப் போக முடியாது. மறுவிற்பனைக்கு வாங்கியவர் நுகர்வோர் அல்ல. சரக்கு விற்பனைச் சட்டம் 1930, பிரிவு 15இன்படி, இன்ன பிராண்டு என்று சொல்லி விற்றால் அதுவாகவே இருந்தாக வேண்டும். விலையையும் நஷ்டத்தையும் கேட்டு சிவில் வழக்குப் போட 3 ஆண்டு அவகாசம்.

கேள்வி: கே.டி.சி. நகரில் வீடு கட்டுகிறோம். பெரிய கம்பெனி பெயர் போட்ட ஒயர் 14 சுருள் வாங்கினோம். பாதி இழுத்த பிறகு எலக்ட்ரீஷியன், ‘இது டூப்ளிகேட், உள்ளே செம்பே இல்லை’ என்கிறார். கடையில், ‘விற்ற பொருள் வாபஸ் கிடையாது, பில்லிலேயே இருக்கு’ என்கிறார்கள். — செ.ரா., பாளையங்கோட்டை

பதில்: அந்த ஒயரில் மின்சாரம் கொடுக்காதீர்கள், அதுதான் முதல் வேலை. போலி ஒயரில் வழக்கமாகச் செய்வது மூன்று. அலுமினியக் கம்பிமேல் செம்பு முலாம் பூசுவது, இழைகளின் எண்ணிக்கையைக் குறைப்பது, 90 மீட்டர் என்று போட்டுக் குறைவாகச் சுற்றுவது. மேலுறையில் பழைய பிளாஸ்டிக்கை உருக்கி ஊற்றுவதும் உண்டு, சூட்டில் அது வெடித்துவிடும். ஓர் இழையைப் பிளேடால் சுரண்டிப் பாருங்கள், உள்ளே வெள்ளையாகத் தெரிந்தால் செம்பு இல்லை. 1.5 சதுர மில்லிமீட்டர் செம்பு இழை ஒயரின் மின்தடை 20 டிகிரி வெப்பத்தில் கிலோமீட்டருக்கு 13.3 ஓமைத் தாண்டக் கூடாது. 90 மீட்டர் சுருளுக்கு இது சுமார் 1.2 ஓம், நம் ஊர் வெயிலில் கொஞ்சம் கூடும். இவ்வளவு சின்ன அளவைச் சாதாரண மல்டிமீட்டர் சரியாகக் காட்டாது. நீங்கள் வீட்டில் எடுத்த அளவு சந்தேகத்துக்குத்தான் உதவும், நிரூபணத்துக்கு ஆய்வகம் வேண்டும்.

சுவருக்குள் போன ஒயரை உருவ அவசரப்படாதீர்கள். பிரிக்காத சுருள்களை அட்டைப்பெட்டியோடு, லேபிளோடு பத்திரப்படுத்துங்கள். ஒயர்மேல் அச்சிட்ட ஐ.எஸ்.ஐ. முத்திரையின் சி.எம்/எல் உரிம எண்ணை, இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் பி.ஐ.எஸ். கேர் செயலியில் போட்டுப் பாருங்கள். அந்த உரிமம் வேறொரு கம்பெனிக்கோ வேறு பொருளுக்கோ உரியது என்றோ, காலாவதி என்றோ வந்தால், அதுவே பலமான சாட்சி. அதே செயலியில் புகாரும் கொடுக்கலாம். அசல் கம்பெனியின் வாடிக்கையாளர் பிரிவுக்கு பேட்ச் எண், படங்களோடு மின்னஞ்சல் அனுப்பி, ‘இது எங்கள் தயாரிப்பு அல்ல’ என்று எழுத்தில் வாங்குங்கள். பல கம்பெனிகள் ஆளனுப்பியே பார்க்கும்.

‘வாபஸ் கிடையாது’ என்று பில்லில் அச்சிட்டுவிட்டால் சட்டம் செல்லாமல் போய்விடாது. குறையுள்ள பொருளை 30 நாளுக்குள் திரும்பப் பெற மறுப்பதும், பில் தர மறுப்பதும், போலிப் பொருளை விற்பனைக்கு வைப்பதும் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019, பிரிவு 2(47)இன்படி முறையற்ற வணிகம். முதலில் 1915 எண்ணில் தேசிய நுகர்வோர் உதவி மையத்தில் பதியுங்கள். கடைக்கு 15 நாள் கெடு வைத்து ஒரு விரைவுத்தபால் அனுப்புங்கள். பிறகு மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் நேரிலோ இ-ஜாக்ரிதி தளத்திலோ மனு. 50 லட்சம் வரை மாவட்ட ஆணையம் விசாரிக்கும். கணக்கு நீங்கள் கேட்கும் நஷ்டஈட்டை வைத்து அல்ல, பொருளுக்குக் கொடுத்த விலையை வைத்து. விலை 5 லட்சத்துக்குள் என்றால் கட்டணமே இல்லை. வக்கீல் கட்டாயமில்லை. இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும்.

மனுவோடேயே பிரிவு 38(2)(சி)இன்படி மாதிரியை ஆய்வகத்துக்கு அனுப்பக் கோருங்கள். ஆய்வுக் கட்டணத்தை முதலில் நீங்கள்தான் கட்ட வேண்டியிருக்கும். சுவரிலுள்ள ஒயரைப் பார்வையிட ஆணையர் வேண்டும் என்றும் கேளுங்கள், அவர் பார்த்த பிறகு உருவலாம். விலையைத் திருப்பிக் கேட்பதோடு நின்றுவிடாமல், சுவர் உடைத்துப் பூசும் கூலி, எலக்ட்ரீஷியன் கூலி, வேலை தாமதமான நஷ்டம் எல்லாவற்றையும் தனித்தனித் தொகையாக ரசீதோடு எழுதுங்கள். ‘மன உளைச்சலுக்கு 10 லட்சம்’ என்று மொட்டையாகக் கேட்கும் மனுவைவிட, ரசீதுள்ள முப்பதாயிரம் எளிதாகக் கைக்கு வரும்.

கேள்வி: டவுனில் எங்கள் தாத்தா காலத்து அல்வாக் கடை. பெயரைப் பதிவு செய்யவில்லை. இப்போது கோயம்புத்தூரில் ஒருவர் அதே பெயர், அதே டப்பாவோடு கடை போட்டு, பெயரைப் பதிவும் செய்துவிட்டாராம். எங்களால் எதுவும் முடியாதா? — ப., திருநெல்வேலி டவுன்

பதில்: முடியும். பதிவு இல்லாதவர் ‘முத்திரை மீறல்’ வழக்குப் போட முடியாது என்று முத்திரைச் சட்டம் பிரிவு 27(1) சொல்கிறது. ஆனால் தன் சரக்கை இன்னொருவர் சரக்கு என்று காட்டி விற்பதைத் தடுக்கும் உரிமையை 27(2) அப்படியே காப்பாற்றுகிறது. இதை உறுதிப்படுத்திய முக்கியமான தீர்ப்பு நம் ஊர் அல்வாவைப் பற்றியதுதான். இருட்டுக்கடை அல்வா வழக்கில், எதிர்த்தரப்பும் பதிவு வைத்திருந்தபோதிலும், முன்பிருந்தே பெயரைப் பயன்படுத்தியவரின் உரிமையே மேலானது என்று உச்ச நீதிமன்றம் 2015இல் சொன்னது.

ஆகவே பழமையை நிரூபிப்பதுதான் உங்கள் வழக்கு. பழைய மாநகராட்சி உரிமம், விற்பனை வரிக் கணக்கு, உணவுப் பாதுகாப்பு உரிமம், மின்கட்டண அட்டை, டப்பா அச்சடித்த அச்சகத்தின் பழைய பில், நாளிதழ் விளம்பரம் எல்லாவற்றையும் பரணிலிருந்து இறக்குங்கள். ஆண்டுவாரி விற்பனைத் தொகைக்கு ஆடிட்டர் சான்று வாங்குங்கள். ஒரு சிக்கல் உண்டு. பதிவு பெற்றவருக்குள்ள ‘என் ஊர் நீதிமன்றத்திலேயே வழக்கு’ என்ற வசதி உங்களுக்குக் கிடையாது. எதிரி இருக்கும் இடத்திலோ ஏமாற்று நடந்த இடத்திலோதான் போட வேண்டும். அவர் சரக்கு இங்கே பார்சலாக வந்து விற்பனையானால் அந்த பில்லைப் பிடியுங்கள், இங்கேயே போட அது உதவும்.

இன்றைக்கே பதிவுக்கும் மனுப் போடுங்கள். முத்திரைப் பதிவுக்கான பொருள் வகுப்புகளில் அல்வா 30ஆம் வகுப்பு. தனிநபர், சிறுதொழில் என்றால் இணையவழிக் கட்டணம் வகுப்புக்கு 4,500 ரூபாய். முன்பயன்பாட்டுப் பிரமாணப் பத்திரத்தை மறக்காமல் சேருங்கள். அவருடைய பெயர் இன்னும் பதிவாளர் வெளியிடும் முத்திரை இதழில் வெளியான நிலையிலேயே இருந்தால், வெளியான நாளிலிருந்து 4 மாதத்துக்குள் ஆட்சேபம் கொடுக்கலாம். பதிவே ஆகிவிட்டால் நீக்க மனு. பதிவு கிடைக்கும் வரை பெயருக்குப் பக்கத்தில் ‘டி.எம்.’ மட்டும் போடலாம். வட்டத்துக்குள் ‘ஆர்’ போடுவது சட்டப்படி தவறு. ‘திருநெல்வேலி அல்வா’ என்ற சொல்லை மட்டும் உங்களுக்கே சொந்தம் என்று யாரும் தரமாட்டார்கள். அது ஊருக்குப் பொது.

கேள்வி: பத்தமடைப் பாய் என்று சொல்லி வேறு ஊர் விசைத்தறிப் பாயையும் பிளாஸ்டிக் பாயையும் விற்கிறார்கள். கையால் நெய்யும் எங்களுக்கு ஏதாவது வழி உண்டா? — நெசவுப் பெண்கள், பத்தமடை

பதில்: பத்தமடைப் பாய்க்குப் புவிசார் குறியீடு இருக்கிறது. அந்தப் பெயரைப் பொய்யாக இட்டு விற்பது புவிசார் குறியீடுகள் சட்டம் 1999, பிரிவு 39, 40இன்படி குற்றம். தண்டனை போலி முத்திரைக்கு உள்ளதேதான். இங்கும் டி.எஸ்.பி., பதிவாளர் கருத்து என்ற அதே நிபந்தனை உண்டு. ஆனால் குறியீடு ஊருக்குக் கிடைத்துவிட்டது என்பதால் ஒவ்வொரு நெசவாளரும் தானாக உரிமை பெற்றவர் ஆகிவிடமாட்டார். ஒவ்வொருவரும் கிண்டி புவிசார் குறியீட்டுப் பதிவகத்தில் ‘அங்கீகரிக்கப்பட்ட பயனாளர்’ என்று பதிய வேண்டும். கட்டணம் 2020இல் 10 ரூபாயாகக் குறைந்துவிட்டது. பதிந்த பயனாளருக்கு மீறல் வழக்குத் தொடுக்கும் உரிமை வரும், குறியீட்டு முத்திரையைப் பாயில் ஒட்டி விற்கவும் முடியும். வழக்குச் செலவைப் பற்றிப் பயப்பட வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பாராமல் இலவசச் சட்ட உதவி உண்டு. பாளையங்கோட்டை நீதிமன்ற வளாகத்திலுள்ள மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுங்கள், அல்லது 15100க்குப் பேசுங்கள். சங்கமாகச் சேர்ந்து போனால் இன்னும் நல்லது.

கேள்வி: பிசான நெல்லுக்குக் குருத்துப்பூச்சிக்கு என்று பிரபல மருந்து வாங்கி அடித்தேன். துளியும் கேட்கவில்லை. பாட்டில் மூடியைப் பார்த்தால் சந்தேகமாக இருக்கிறது. — விவசாயி, அம்பாசமுத்திரம் வட்டம்

பதில்: காலி பாட்டிலை வீசாதீர்கள். பேட்ச் எண், தயாரிப்புத் தேதி, பதிவு எண், விஷக் குறியீட்டு முக்கோணம் தெரியும்படி படம் எடுங்கள். அதே பேட்சில் திறக்காத பாட்டில் ஒன்று கிடைத்தால் பில்லோடு வாங்கி வையுங்கள், வழக்கின் உயிரே அதுதான். திறந்த பாட்டிலை ஆய்வுக்கு அனுப்பினால், ‘நீங்களே தண்ணீர் கலந்திருக்கலாம்’ என்று ஒரே வரியில் தள்ளிவிடுவார்கள்.

அன்றைக்கே வட்டார வேளாண்மை விரிவாக்க மையத்தில் எழுத்தில் கொடுத்து, மாவட்டத் தரக்கட்டுப்பாட்டு வேளாண் உதவி இயக்குநருக்கும் நகல் அனுப்புங்கள். பூச்சிக்கொல்லிச் சட்டம் 1968இன்படி ஆய்வாளர் கடையில் போய் மாதிரி எடுக்கலாம், விற்பனையை நிறுத்தி வைக்கலாம். வயலை வேளாண் அலுவலர் பார்த்து எழுதும் அறிக்கையையும் கேளுங்கள். பயிர் தேறிய பிறகோ அறுத்த பிறகோ கேட்டால் அதில் எழுத ஒன்றும் இருக்காது. எந்த நாள், எத்தனை டேங்க், டேங்குக்கு எத்தனை மில்லி, மறுநாள் மழை இருந்ததா என்று நீங்களும் குறித்து வையுங்கள். மருந்தைத் தவறாக அடித்தார் என்பதுதான் எதிர்த்தரப்பின் முதல் வாதமாக இருக்கும். நஷ்டஈட்டுக்கு நுகர்வோர் ஆணையம் போகலாம். விவசாயியும் நுகர்வோரே என்று 2012இல் தேசிய விதைக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது.

கேள்வி: ஆன்லைனில் வாங்கிய பிராண்டு ஷூ போலி. விற்றவர் வேறு மாநிலம். — கல்லூரி மாணவர், மேலப்பாளையம்

பதில்: நீங்கள் குடியிருக்கும் மாவட்ட ஆணையத்திலேயே மனுப் போடலாம், விற்றவர் ஊருக்குப் போக வேண்டியதில்லை. விற்றவரையும் தளத்தையும் சேர்த்தே எதிர்மனுதாரர் ஆக்குங்கள். முதலில் தளத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுதுங்கள். 2020ஆம் ஆண்டு மின்வணிக விதிகளின்படி 48 மணி நேரத்தில் ஒப்புகையும் ஒரு மாதத்தில் தீர்வும் தர வேண்டும். விற்பனையாளர் பெயர், முகவரியைத் தளப் பக்கத்திலிருந்து உடனே படம் எடுத்துக்கொள்ளுங்கள், புகார் போனதும் அந்தப் பக்கம் காணாமல் போகலாம். இனி விலையுயர்ந்த பார்சல் வந்தால், முகவரிச் சீட்டு தெரியத் தொடங்கி, நடுவில் நிறுத்தாமல் பிரிக்கும் வரை வீடியோ எடுங்கள்.

கேள்வி: எங்கள் பிராண்டு பெயரில் வெளிநாட்டிலிருந்து போலி உதிரிபாகம் தூத்துக்குடி துறைமுகம் வழியாக வருவதாகக் கேள்வி. வந்த பிறகு கடை கடையாகத் தேடுவதைவிடத் துறைமுகத்திலேயே மறிக்க முடியுமா? — உற்பத்தியாளர், கங்கைகொண்டான்

பதில்: முடியும். 2007ஆம் ஆண்டு அறிவுசார் சொத்துரிமை இறக்குமதி அமலாக்க விதிகளின்படி உங்கள் முத்திரையைச் சுங்கத்துறையில் பதிந்து வையுங்கள். கட்டணம் 2,000 ரூபாய், கூடவே பிணைப்பத்திரம். அசலையும் போலியையும் பிரித்துக் காட்டும் படங்களையும், யாரெல்லாம் உங்கள் அனுமதியோடு இறக்குமதி செய்கிறார்கள் என்ற பட்டியலையும் கொடுங்கள். அந்தப் பட்டியல் பழசாகிவிட்டால் உங்கள் சொந்த விநியோகஸ்தரின் கன்டெய்னரே நின்றுவிடும். சந்தேகச் சரக்கு வந்தால் சுங்கத்துறை நிறுத்தி வைத்து உங்களுக்குத் தகவல் தரும். அப்போது 10 வேலை நாளுக்குள் நீங்கள் நடவடிக்கையில் சேர வேண்டும், கேட்டால் இன்னும் 10 வேலை நாள் நீட்டிக்கலாம். சேராவிட்டால் சரக்கு வெளியே போய்விடும். சுங்கத்துறையின் கடிதமும் மின்னஞ்சலும் யாருக்கு வரும், அவர் விடுப்பில் இருந்தால் யார் பார்ப்பார் என்பதை இப்போதே முடிவு செய்து வையுங்கள்.